வீட்டுக் கதையை திரைக்கதையா எழுதுறது எப்பிடி: மட்டக்களப்புல இருந்து எழுதத் துவங்குற புள்ளைகளுக்கு

போன மாசம் கல்லடியில ஒரு தம்பி என்னைத் தேடி வந்தான். "அண்ணே ஒரு கதை இருக்கு, சமூகப் பிரச்சினை, கேட்டா அழுதிடுவீங்க" எண்டான். சொல்லு எண்டன். "குடியால அழிஞ்சு போற ஒரு குடும்பம்" எண்டான். மறுகா ஒண்டும் சொல்லல்ல. நான் அவனைப் பாத்துக்கொண்டிருக்கன், அவன் என்னைப் பாத்துக்கொண்டிருக்கான், பிளேன்டியும் ஆறிட்டு. "மிச்சம்?" எண்டு கேட்டா "மிச்சமெல்லாம் ஷூட்டிங்ல வரும் அண்ணே, கெமரா நம்மகிட்ட இருக்கு" எண்டான்.

அவனுக்குச் சொன்னதைத்தான் இங்க கொஞ்சம் விரிச்சு எழுதுறன், ஏனெண்டா இவன் ஒருத்தன் மட்டும் இல்ல, கல்முனை, அக்கரைப்பற்று, களுவாஞ்சிக்குடி எண்டு எல்லா இடத்துலயும் இப்ப கெமரா இருக்கு, எடிட் பண்ண போன் இருக்கு, ஸ்கிரிப்ட் மட்டும்தான் இல்ல.

தமிழ்ப் படத்து டைட்டில்ல "கதை, திரைக்கதை, வசனம்" எண்டு மூண்டு சொல் வருமே, அது அலங்காரத்துக்குப் போடுறது இல்ல, மூண்டும் மூண்டு வேலை. என்ன நடந்தது எண்டுறது கதை. ஆக்கள் வாயால என்ன கதைக்கிறாங்க எண்டுறது வசனம். நடுவுல கிடக்கிற திரைக்கதைதான் எங்கட விசயம்: நடந்ததுல எதைக் காட்டுறது, எதை மறைக்கிறது, எதை முந்திக் காட்டுறது, ஒரு சீனுக்குள்ள எப்ப நுழைஞ்சு எப்ப வெளியேறுறது. சிறுகதையில "அவளுக்கு மனசு வலிச்சது" எண்டு எழுதிட்டு அடுத்த வரிக்குப் போகலாம், திரைக்கதையில அப்பிடி எழுதினா டைரக்டர் கூப்பிட்டு "வலிச்சதை எங்க கெமரா வைச்சு எடுக்கிற?" எண்டு கேப்பார். கண்ணுல தெரியிறதும் காதுல விழுறதும் மட்டும்தான் பேப்பர்ல வரலாம். இது சின்ன விசயம் மாதிரி இருக்கும், ஆனா எழுத உக்காந்தா முதல் நாளே கை நடுங்கும்.

எழுதுற முறை கஷ்டமில்ல. முதல்ல ஒன்லைன், அதாவது ஆர், என்ன வேணும், எது தடுக்குது, இதை ரெண்டு மூண்டு வரியில எழுதுறது. மறுகா சீன் ஓடர், எந்த சீனுக்குப் பிறகு எந்த சீன் எண்டு ஒரு லிஸ்ட். அதுக்குப் பிறகுதான் முழு ஸ்கிரிப்ட், ஒவ்வொரு சீனுக்கும் மேல உள்ளயா வெளியயா, எந்த இடம், பகலா இரவா எண்டு போட்டு எழுதுறது. இங்கிலிஷ்ல ஒரு பக்கம் ஒரு நிமிசம் எண்டு ஒரு கணக்கு இருக்கு, அது கூரியர் எண்ட எழுத்துல 12 சைஸ்ல அடிச்சாத்தான் சரிவரும், தமிழ்ல அதை நம்பாதீங்க, போன்ல ஸ்டொப்வொட்ச் போட்டு சத்தமா வாசிச்சுப் பாத்தாத்தான் நேரம் தெரியும். இன்னொண்டு, பாமினி எண்ட பழைய தமிழ் எழுத்துருவுல டைப் பண்ணி அனுப்பாதீங்க, அந்த எழுத்து மற்ற ஆள்ட போன்ல இல்லாட்டி உங்கட அம்மா சென்டிமென்ட் சீன் முழுக்க இங்கிலிஷ் எழுத்தும் புள்ளியும் கோடுமாத்தான் போய்ச் சேரும். யுனிகோட்ல அடிங்க.

சரி இனி நம்ம விசயத்துக்கு வருவம். குடும்பப் பிரச்சினை எழுதுறன் எண்டு வாறவங்க செய்ற முதல் பிழை, சென்னை சீரியலைக் கொப்பி அடிக்கிறது. கலியாணம் முடிச்சு மருமகள் மாமியார் வீட்டுக்கு வாறா, மாமியார் சாவிக்கொத்தை இடுப்புல செருகிக்கொண்டு கொடுமைப்படுத்துறா. தம்பிமாரே, நம்ம ஊர்ல எத்தின வீட்ல இப்பிடி நடக்குது? இங்க குடி, அதாவது வம்சம், தாய் வழியால வாறது, வீடு பொம்புளப் புள்ளைக்கு சீதனமாப் போறது, மாப்பிள்ளைதான் பெட்டியத் தூக்கிக்கொண்டு பொம்புள வீட்டுக்கு வாறது. மூத்தவளுக்கு வீட்டைக் குடுத்திட்டு தாயும் தகப்பனும் அதே வளவுக்குள்ள பின்னால ஒரு சின்ன வீட்டைப் போட்டுக்கொண்டு போவாங்க, மறுகா அடுத்தவளுக்கு வீடு கட்டத் துவங்குவாங்க. அப்ப இங்க சண்டை வாறதெண்டா எங்க வரும்? தான் கட்டின வீட்டு விறாந்தையில தானே விருந்தாளி மாதிரி கதிரை நுனியில உக்காந்திருக்கிற தகப்பன்ட்ட வரும். மாமனார் முன்னால சிகரெட் பத்த ஏலாம பின் வேலியோரம் போய் நிக்கிற மருமகன்ட்ட வரும். மூண்டாவது மகளுக்கு வீடு கட்டக் காசில்லாம முப்பது வயசாகியும் அவ கலியாணம் தள்ளிப் போகுதே, அங்க வரும். இதெல்லாம் நம்மட்ட சும்மா கிடக்கு, நாம என்னடா எண்டா சாவிக்கொத்தை எழுதிக்கொண்டிருக்கம்.

வசனமும் இப்பிடித்தான். அம்பாறைக் கரையோரம் ஒரே ரோட்டுல பத்து மைலுக்குள்ள கதைக்கிற விதம் எத்தின தரம் மாறுது. அக்கரைப்பற்று உம்மாவைத் திருக்கோவில் அம்மா மாதிரி கதைக்க வைச்சா, பாக்கிறவங்க முதல் நிமிசத்துலயே சிரிச்சிட்டுப் போயிடுவாங்க. உங்களுக்குத் தெரியாத வீட்டுப் பேச்சை எழுதோணும் எண்டா அந்த வீட்டு ஆள் ஒருத்தரை உக்கார வைச்சு வாசிக்கக் குடுங்க, கூச்சப்பட ஒண்டுமில்ல.

இப்ப ஒரு சீனை எடுத்து மெதுவாப் பாப்பம். நம்ம பக்கத்துல எல்லாருக்கும் தெரிஞ்ச கதை, தாய் வெளிநாட்டுக்கு வீட்டு வேலைக்குப் போய் நாலு வருசம் கழிச்சு வாறா. புதுசா எழுதுற ஆள் இதை எப்பிடி எழுதுவார் எண்டா, தாய் வந்து புள்ளையக் கட்டிப் பிடிச்சு "உனக்காகத்தானே நான் குவைத்துல நாலு வருசம் கஷ்டப்பட்டன், நீ என்னை மறந்திட்டியா" எண்டு அழுவா, பின்னால வயலின். எனக்கும் முதல்ல இப்பிடித்தான் வந்தது, வெக்கத்தோட சொல்றன். மறுகா அதைக் கிழிச்சுப் போட்டு இப்பிடி எழுதினன்:

உள். வீட்டு விறாந்தை. பின்னேரம்.
கயிறு கட்டின பெரிய சூட்கேஸ். பிளேன்ல ஒட்டின ஸ்டிக்கர் இன்னும் கிழிக்கல்ல. புள்ள (6) அம்மம்மாட சீலையப் பிடிச்சுக்கொண்டு பின்னால நிக்குது. தாய் சொக்லட் பெட்டிய நீட்டுறா. புள்ள வாங்கல்ல, அம்மம்மாட முகத்தைப் பாக்குது.
அம்மம்மா: வாங்கு மகள்.
புள்ள வாங்குது. அம்மம்மாவக் குனியச் சொல்லி காதுக்குள்ள,
புள்ள: அம்மா, இவ எப்ப போவா?
தாய் சூட்கேஸ் கயிற்றை அவிழ்க்கத் துவங்குறா. முடிச்சு இறுகிக் கிடக்கு. அவிழ்ந்து வருகுதில்ல.

அவ்வளவுதான் சீன். புள்ள அம்மம்மாவை "அம்மா" எண்டு கூப்பிடுது, அந்த ஒரு சொல்லுல நாலு வருசம் இருக்கு, ஆரும் விளக்கம் சொல்லத் தேவையில்ல. தாய் அழல்ல. அவ கயிற்றோட மல்லுக்கட்டுறா, நமக்குத்தான் அழுகை வருது. அழ வேண்டிய ஆளை அழ விடாம கைக்கு ஒரு வேலை குடுக்கிறது, இந்தத் தொழில்ல நான் படிச்ச பெரிய தந்திரம் இதுதான், வேற தந்திரமும் பெரிசா என்னட்ட இல்ல.

ஆனா இந்த சீனுக்குப் பின்னால தேடிப் படிக்கிற வேலை ஒண்டும் இருக்கு. 2013ல வெளிநாட்டு வீட்டு வேலைக்குப் போற பொம்புளகளுக்கு குடும்பப் பின்னணி அறிக்கை வேணும் எண்டு ஒரு விதி வந்தது, அஞ்சு வயசுக்குக் குறைஞ்ச புள்ள இருந்தா போக அனுமதி கிடைக்காது எண்டு. பிறகு அந்த விதி மாறியிருக்கு, அதால உங்கட கதை எந்த வருசத்துல நடக்குது எண்டதை முதல்ல முடிவு பண்ணுங்க. என்ட கதையில புள்ளைக்கு இப்ப ஆறு, அவ போகேக்க ரெண்டு. அவ வெளிநாடு போனது 2015ல எண்டா எப்பிடிப் போனா? ஏஜென்சிக்காரன் பேப்பரை மாத்தினானா, புள்ள இருக்கெண்டதையே மறைச்சாளா, ஆர் கையெழுத்து வைச்ச? கவனிக்காம விட்டா இது ஓட்டை. கவனிச்சா இதுதான் படத்துட அரைவாசிக் கதை, ஏனெண்டா பேப்பர்ல இல்லாத புள்ள இப்ப வீட்லயும் அவளுக்கு இல்ல.

வில்லன் பிரச்சினை ஒண்டு இருக்கு, அதையும் சொல்லிடுறன். நுண்கடன் கதை எழுதுறவங்க எல்லாரும் லோன்காரனைத்தான் வில்லனாப் போடுறாங்க, மோட்டர் சைக்கிள், கறுப்புக் கண்ணாடி, கெட்ட பேச்சு. அந்த லோன் எப்பிடி வேலை செய்யுது எண்டு போய்ப் பாருங்க. அஞ்சாறு பொம்புளகள் ஒரு குழு, ஒருத்தி கட்டாட்டி மற்றவங்க சேர்ந்து கட்டோணும், கிழமைக்கு ஒருக்கா ஒரு வீட்ல கூட்டம். அப்ப ஆர் வந்து கழுத்தை நெரிக்கிற? லோன்காரன் கதிரையில சும்மா உக்காந்திருப்பான். நேற்று வரைக்கும் கறி குடுத்து வாங்கின பக்கத்து வீட்டு அக்காதான் "உன்னால என்ட புள்ளட டியூஷன் காசு போகுது" எண்டு கத்துவா, அவவுக்கும் வேற வழியில்ல. ரெண்டு பேர்லயும் நியாயம் இருந்தாத்தான் சீன். ஒருத்தர் பக்கம் மட்டும் நியாயம் இருந்தா அது மேடைப் பேச்சு. இதுலயும் வருசம் முக்கியம், 2018ல அரசாங்கம் வறட்சி பாதிச்ச 12 மாவட்டத்துல பொம்புளகள் எடுத்த ஒரு லட்சத்துக்கு உட்பட்ட நுண்கடனை நிபந்தனையோட தள்ளுபடி செய்றதா அறிவிச்சது, அப்ப உங்கட பாத்திரம் எடுத்தது தொண்ணூறாயிரமா ஒரு லட்சத்துப் பத்தாயிரமா எண்டதே ஒரு பெரிய திருப்பம் ஆகலாம்.

வில்லன் இல்லாமப் படம் ஓடுமா எண்டு அந்தத் தம்பி கேட்டான். நம்ம ஊர் ஆளே செய்து காட்டியிருக்கார் எண்டன். பாலு மகேந்திரா 1939ல அமிர்தகழியில பிறந்தவர், புனித மிக்கேல் கல்லூரியில படிச்சவர், புனேயில ஒளிப்பதிவு படிச்சு கெமராமேனாத்தான் துவங்கினவர். அவர்ட "வீடு" 1988ல வந்தது. வேலைக்குப் போற ஒரு நடுத்தரக் குடும்பத்துப் பொம்புள, சொந்தமா ஒரு வீடு கட்டப் போறா. கதை அவ்வளவுதான். பாட்டு இல்ல, சண்டை இல்ல. ஏமாத்துற கொன்ட்ராக்டர் ஒருத்தர் வாறார், ஆனா அவரை அடிச்சுப் போட்டா பிரச்சினை முடிஞ்சிடும் எண்ட மாதிரி இல்ல, லோன், பெர்மிட், சீமெந்து, லஞ்சம் எண்டு ஒவ்வொரு கல்லாத்தான் அவவை நசுக்குது. அரைகுறையா நிக்கிற வீட்டைத் தாத்தா தனியாப் போய்த் தடவித் தடவிப் பாக்கிற இடம் ஒண்டு இருக்கு, வசனமே இல்ல, திரைக்கதை எண்டா என்ன எண்டு கேக்கிறவங்களுக்கு அதைப் போட்டுக் காட்டினாப் போதும். சின்ன வயசுல அவர்ட அம்மா வீடு கட்டேக்க பட்ட பாடுதான் அதுக்கு விதை எண்டு அவரே சொல்லியிருக்கார். அதுக்குப் பிறகு எடுத்த "சந்தியா ராகம்" வயசு போனவர் ஒருத்தர் ஊரை விட்டு சொந்தக்காரர் வீட்ல வந்து தங்குற கதை, அதுக்கு இந்திய தேசிய விருதுல குடும்ப நலப் படத்துக்கான விருது கிடைச்சது.

இலங்கையிலயும் ஆக்கள் தொட்டிருக்காங்க. 1977ல தர்மசேன பத்திராஜ எடுத்த "பொன்மணி", காவலூர் இராசதுரை எழுதினது, யாழ்ப்பாணத்துல சீதனமும் சாதியும் ஒரு குடும்பத்தை என்ன செய்யுது எண்டு. டைரக்டர் சிங்களவர், எழுதினவர் தமிழர், இப்பிடிச் சேர்ந்து வேலை செய்றதும் ஒரு வழி எண்டு மனசுல வைங்க.

இன்னொண்டும் கவனிச்சன், சென்னையில குடும்பப் பிரச்சினைய பலமா எழுதினவங்க கனபேர் மேடை நாடகத்துல இருந்து வந்தவங்க. பாலச்சந்தர் அரசாங்கக் கணக்கு அலுவலகத்துல வேலை செய்துகொண்டு நாடகம் போட்டவர், 1973ல "அரங்கேற்றம்" எடுக்கேக்க குடும்பத்துக்காக உடம்பை விக்கிற ஒரு பொண்ணைக் கதாநாயகியா வைச்சார், அந்தக் காலத்துல அது லேசான விசயம் இல்ல. விசுவும் மேடைதான். அவர் 1986ல எடுத்த "சம்சாரம் அது மின்சாரம்" படத்துல தகப்பன் கோவத்துல வீட்டுக்கு நடுவுல கோடு கீறுவார், எத்தின பக்க வசனத்தை அந்த ஒரு கோடு மிச்சம் பிடிச்சது எண்டு யோசிங்க. நம்மட்ட மேடைக்குப் பஞ்சமா? வடமோடி, தென்மோடி எண்டு விடிய விடிய கூத்து ஆடுற ஊர் இது. பேராசிரியர் மௌனகுரு வடமோடிய எடுத்து "சங்காரம்" நாடகத்துல சமூக ஒடுக்குமுறைய ஆட வைச்சார். கல்லடியில சுவாமி விபுலாநந்த அழகியற் கற்கைகள் நிறுவகத்துல நாடகம் அரங்கியல் பட்டப்படிப்பே இருக்கு. கெமரா கோர்ஸுக்குக் காசு கட்ட முந்தி ஒரு கூத்துக் களரியில மூண்டு ராத்திரி உக்காந்து கூத்தைப் பழக்கி நடத்துற அண்ணாவியார் எந்த இடத்துல ஆட்டத்தை நிப்பாட்டுறார் எண்டு பாருங்க, இலவசம்.

இனி எனக்கு நடந்த ஒண்டு. முதல் முதலா எழுதின குறும்படம் ஒரு லோன் கதை, எனக்குத் தெரிஞ்ச ஒரு மாமிட கதை. பேரை மாத்தினன், ஊரை மாத்தினன், புருசனை மீன்காரனா இருந்தவரை மேசனாக்கினன். ஆனா அவ லோன் கார்டை பழைய லக்ஸ்பிரே பால்மா பக்கற்றுக்குள்ள சுத்தி அரிசி வாளிக்குள்ள தாட்டு வைக்கிறவ, அதை மட்டும் விட மனசு வரல்ல, அப்பிடியே எழுதிட்டன். படத்தைப் போட்ட அண்டைக்கு ஹோல்ல பின்னால இருந்து ஒரு குரல், "இது நம்மட ஆள் எலா" எண்டு. முடிஞ்சிது. ஒண்டரை வருசம் மாமி என்னோட கதைக்கல்ல, கண்ணகி அம்மன் சடங்குல எதிர்ல வந்தா கூட மற்றப் பக்கம் கிறுகிப் போவா. அந்த பக்கற்றாலதான் படம் நல்லா இருந்தது, அந்த பக்கற்றாலதான் அவ மாட்டுப்பட்டா. முந்திப் போய்க் கேட்டிருக்கோணும். கேட்டிருந்தா "எழுது மனே" எண்டு சொல்லியிருப்பா, அதுதான் இன்னும் குத்துது.

அதால அடுத்தவங்கட காயத்தை எழுதுறவங்க, சம்பந்தப்பட்ட ஆள்ட்ட முதல் டிராப்டைக் காட்டுங்க, வேண்டாம் எண்டா விடுங்க. நம்ம ஊர்ல ஆரும் ஆருக்கும் மறைவில்ல. சின்னப் புள்ளைகள் சம்பந்தப்பட்ட துஷ்பிரயோகக் கதையெண்டா இன்னும் ரெண்டு மடங்கு கவனம், உண்மைச் சம்பவத்துட பாடசாலை, ஒழுங்கை, வயசு எதுவும் அப்பிடியே வரக்கூடாது, காட்சியையும் காட்டத் தேவையில்ல, மூடின கதவுக்கு வெளிய கிடக்கிற ஒரு சோடிச் செருப்பு காணும்.

சட்டம் வாற இடத்துலயும் சினிமாவை நம்பாதீங்க. புருசன் அடிச்சா பொலிஸ் வந்து அவனை நாலு அறை அறையிற மாதிரித்தான் எல்லாரும் எழுதுறாங்க. உண்மையில 2005ம் ஆண்டு 34ம் இலக்க வீட்டு வன்முறைத் தடுப்புச் சட்டம் எண்டு ஒண்டு இருக்கு, நீதவான் நீதிமன்றத்துல பாதுகாப்புக் கட்டளை எடுக்கலாம், ஆகக்கூடினது 12 மாசத்துக்கு. ஒரு பொம்புள அந்தப் பேப்பரைக் கையில வைச்சுக்கொண்டு அதே வீட்டுக்கு, அதே புருசன் இருக்கிற இடத்துக்கு திரும்பிப் போற பஸ் பயணம் இருக்கே, அறையை விட எவ்வளவு பெரிய சீன் அது.

தொழில் எண்டு பாத்தா, ஸ்கிரிப்ட் எழுதி மட்டும் இங்க வீடு கட்ட ஏலாது, ஆசை காட்டி உங்கள ஏமாத்த எனக்கு விருப்பமில்ல. வாற வேலையில கனக்க விழிப்புணர்வுக் குறும்படங்கள்தான், நிறுவனங்கள் காசு தரும், பத்து நிமிசத்துக்குள்ள குடி, இளவயதுத் திருமணம், வன்முறை எல்லாம் வரோணும் எண்டும் சொல்லும். செய்யுங்க, கை பழகும். பெண்களுக்கான உதவி இலக்கம் 1938, சிறுவர்களுக்கு 1929, அதைப் படத்துல போடச் சொல்லுவாங்க, தாராளமாக் கடைசியில எழுத்துல போடுங்க, ஆனா அழுதுகொண்டிருக்கிற அம்மா வாயால மட்டும் அந்த நம்பரைச் சொல்ல வைக்காதீங்க. இதோட யூடியூப் தொடர், ரேடியோ நாடகம், இடைக்கிடை கொழும்பு டிவி நாடகம். என்ட முதல் ஸ்கிரிப்டுக்குக் கிடைச்சது ஒரு சாப்பாட்டுப் பார்சலும் போக்குவரத்துக் காசும்.

கதையக் களவெடுத்திடுவாங்க எண்ட பயம் எல்லாருக்கும் இருக்கு. இலங்கையில 2003ம் ஆண்டு 36ம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டப்படி நீங்க எழுதி முடிச்ச உடனேயே பதிப்புரிமை உங்கட, பதியோணும் எண்டு கட்டாயமில்ல. ஆனா அது காப்பாத்துறது நீங்க எழுதின எழுத்தை, "குடியால அழியிற குடும்பம்" எண்ட ஐடியாவை இல்ல. அதால டீக்கடையில வாயால கதை சொல்லிக்கொண்டு திரியாதீங்க, எழுதி, திகதி போட்டு, உங்கட ஈமெயிலுக்கே ஒருக்கா அனுப்பி வைங்க. டைட்டில்ல உங்கட பேர் எப்பிடி வரும், கதையா திரைக்கதையா வசனமா, எவ்வளவு காசு, எத்தின டிராப்ட் திருத்திக் குடுக்கோணும், இதை வட்ஸ்அப்லயாவது எழுத்துல வாங்குங்க. சொந்தக்காரப் பொடியன்தானே எண்டு விட்டா, திருத்தம் பதினொண்டு தரம் வரும், பேர் "நன்றி" லிஸ்ட்ல வரும்.

அந்தத் தம்பிக்கு ஒரு வீட்டு வேலை குடுத்து அனுப்பினன். குடிகாரத் தகப்பன்ட வீட்ல பின்னேரம் ஆறு மணிக்கு, அவர் வர முந்தி, ஆர் ஆர் என்னென்ன செய்வாங்க எண்டு ஒரு பக்கம் எழுது, தகப்பன் வரவே கூடாது எண்டன். மூண்டு கிழமைக்குப் பிறகு வந்தான். மூத்த புள்ள கோப்பை, கிளாஸ் எல்லாத்தையும் அள்ளி உள்ள வைக்குது, சின்னது பள்ளிக்கூடப் புத்தகத்தைக் கொண்டு போய்ப் பக்கத்து வீட்ல குடுத்திட்டு வருகுது, தாய் விளக்கைக் கொளுத்திட்டு கேற்றுட கொண்டிய மட்டும் கழட்டி விடுறா, ஏனெண்டா பூட்டியிருந்தா சத்தம் ஊருக்குக் கேக்கும். எழுத்துப் பிழை ஏராளம். வாசிச்சு முடிச்சு ரெண்டாவது பிளேன்டி சொன்னன்.